ஒற்றைக்கண் நிக் ஃப்யூரி முதல் வேடர் வரை: டிவி படம் எழுதினவர் விஆர் எழுதும்போது என்ன மிஞ்சுகிறது?

#1 | மூணாம்சீன் | சனி, இரவு 11:20

விஆர் (மெய்நிகர் உலகம்) பார்க்கத் தலையில் மாட்டும் குவெஸ்ட் ஹெட்செட்டை நண்பன் வீட்டில் வாங்கியிருக்கிறார்கள். திரும்பிய பக்கமெல்லாம் காட்சி தெரியும். போன வாரம் தினமும் ராத்திரி அங்கே போய், ஸ்டார் வார்ஸ் வில்லன் வேடர் வரும் விஆர் கதையான ‘வேடர் இம்மார்ட்டல்’ மூன்று எபிசோடையும் முடித்துவிட்டேன். முடித்ததும் வழக்கம்போல எழுதியது யார் என்று தேடினேன். டேவிட் எஸ். கோயர். இயக்குநர் நோலனோடு சேர்ந்து ‘பேட்மேன் பிகின்ஸ்’ எழுதினவர். சரி, அது தெரிந்த கதை. தெரியாத கதை, 1998 மே மாதம் அமெரிக்காவில் ஃபாக்ஸ் சேனலில் வந்த மார்வெல் காமிக்ஸ் உளவாளி ‘நிக் ஃப்யூரி’யின் டிவி படத்தையும் இவர்தான் எழுதியிருக்கிறார். ஆமாம், டேவிட் ஹாசல்ஹாஃப் ஒற்றைக் கண்ணைக் கறுப்புத் துணியால் மூடிக்கொண்டு சுருட்டோடு வருவாரே, அந்தப் படம்.

இந்த ஆளின் பாதையைக் கொஞ்சம் பாருங்கள். கலிஃபோர்னியாவில் யுஎஸ்சி திரைப்படப் பள்ளியில் படித்து 1988-ல் வெளியே வருகிறார். 1990-ல் வான் டாம் நடித்த ‘டெத் வாரன்ட்’. 1998 ஒரே வருஷத்தில் ‘பிளேட்’, ‘டார்க் சிட்டி’, கூடவே இந்த டிவி படம். அப்புறம் பேட்மேன், ‘மேன் ஆஃப் ஸ்டீல்’, நடுவில் ‘ஃப்ளாஷ்ஃபார்வர்ட்’, ‘டா வின்சிஸ் டீமன்ஸ்’ என்று டிவி தொடர்கள், 2010-ல் ‘கால் ஆஃப் டூட்டி: பிளாக் ஆப்ஸ்’ விளையாட்டின் கதையில் பங்கு. 2019-ல் வேடர். அது முடிந்து 2021-ல் ‘ஃபவுண்டேஷன்’ தொடர்.

நான் சீரியல் ஒன்றில் வசன உதவியாளன். எனக்குத் தோன்றுவது இதுதான். டிவி படம் எழுதிப் பழகினவருக்கு விஆர் அத்தனை அந்நியமில்லை. இரண்டிலும் பார்ப்பவர் எழுந்து போய்விடுவார் என்ற பயத்தோடுதான் எழுத வேண்டும். தியேட்டரில் டிக்கெட் வாங்கி இருட்டில் உட்கார்ந்தவருக்கு அந்தப் பயம் தேவையில்லை. நான் சொல்வது சரிதானா, அல்லது ஒரு வாரம் ஹெட்செட் மாட்டியதில் வந்த கிறுக்கா? கேட்பதற்குக் காரணம் உண்டு, பிறகு சொல்கிறேன்.


#2 | சும்மாவந்தவன் | சனி, இரவு 11:31

ஹாசல்ஹாஃப் படத்தை நான் பார்த்திருக்கிறேன். எழுந்து போய்விடுவோம் என்ற பயம் எழுதினவருக்கு இருந்ததாகத் தெரியவில்லை.


#3 | பழையஆன்டெனா | ஞாயிறு, காலை 6:45

தம்பி மூணாம்சீன், நீங்கள் பிடித்த நூல் சரி, பிடித்த ஆள்தான் அவ்வளவு பொருத்தமில்லை. கோயருக்கு டிவி படம் ஒரு வழிப்போக்கு வேலை. அந்தத் தொழிலின் அச்சு என்ன என்று பார்க்க வேண்டுமானால் எழுத்தாளர் ரிச்சர்ட் மேதிசனிடம் போக வேண்டும்.

1969 செப்டம்பரில் அமெரிக்காவின் ஏபிசி சேனல் ‘மூவி ஆஃப் தி வீக்’ என்று ஆரம்பித்தது. வாரத்துக்கு ஒரு புதுப் படம், டிவிக்கென்றே எடுத்தது. ஒன்றரை மணி நேர இடம், விளம்பரம் போக படத்துக்குக் கிடைப்பது ஒன்றேகால் மணிக்கும் கொஞ்சம் குறைவு. அந்த அளவுக்கு எழுதினால்தான் வேலை. மேதிசன் எழுதி, இருபத்து நாலு வயது ஸ்பீல்பெர்க் எடுத்த ‘டூயல்’ 1971 நவம்பர் 13-ல் அந்த வரிசையில்தான் வந்தது. காரில் போகிறவரை ஒரு லாரி துரத்தும் கதை. 74 நிமிஷம். பத்து நாளில் முடிக்கச் சொன்னார்கள், பதிமூன்று நாள் ஆனது. பிறகு வெளிநாட்டுத் தியேட்டர்களுக்காகப் பள்ளிப் பேருந்து, ரயில்வே கேட், மனைவியோடு தொலைபேசி என்று காட்சிகள் சேர்த்து ஒன்றரை மணி நேரமாக இழுத்தார்கள். எனக்கு இன்றும் அந்த 74 நிமிஷப் படம்தான் படம்.

கதை பிறந்த விதம் இன்னும் சுவாரசியம். 1963 நவம்பர் 22, கென்னடி சுடப்பட்ட நாள். நண்பரோடு கோல்ஃப் ஆடிக்கொண்டிருந்த மேதிசன் செய்தி கேட்டு ஆட்டத்தை விட்டுவிட்டுக் காரில் திரும்புகிறார். பின்னால் ஒரு லாரி ஒட்டிக்கொண்டு வந்து பயமுறுத்துகிறது. இதை டிவி தொடர் ஆட்களிடம் சொல்லிப் பார்த்தார், யாரும் எடுக்கவில்லை. சிறுகதையாக எழுதி 1971-ல் பத்திரிகையில் வந்த பிறகுதான் கதவு திறந்தது. எட்டு வருஷம்! எழுத்தாளனின் தொழில் வாழ்க்கை என்று கோயருடைய பட்டியலைப் போட்டீர்களே, இந்த மாதிரி எட்டு வருஷங்கள் பட்டியலில் வராது.

அப்புறம் விளம்பர இடைவெளி. பிற்காலத்தில் இரண்டு மணி நேர டிவி படம் என்றால் ஏழு ஆக்ட் (விளம்பரங்களுக்கு இடையே வரும் கதைப்பகுதி) என்பது வழக்கமாகிவிட்டது. நம் சீரியலில் நாளைக்கு ஒரு ‘தொடரும்’. அங்கே ஒரே ராத்திரியில் ஆறு ‘தொடரும்’. அதிலும் முதல் ஆக்டை நீளமாக வைப்பார்கள். கதைக்குள் ஆள் நன்றாக இறங்கிய பிறகே முதல் விளம்பரம். சினிமாவில் இடைவேளை ஒன்றுதான், அதையே எழுத நாம் படும் பாடு தெரியும். ஒவ்வொரு பன்னிரண்டு நிமிஷத்துக்கும் ஓர் இடைவேளையை யோசித்துப் பாருங்கள்.


#4 | கழுத்துவலி | ஞாயிறு, காலை 10:02

பெங்களூரில் விஆர் வேலை பார்க்கிறேன், பெயரைப் பார்த்தாலே தெரியும்.

ஆன்டெனா சாரின் ‘டூயல்’ உதாரணத்தை வேறு பக்கம் திருப்புகிறேன். அந்தப் படத்தில் நாம் பெரும்பாலும் காருக்குள் இருக்கிறோம். முன்னால் கண்ணாடி, பின்னால் லாரி. பின்னால் இருப்பது தெரிய வேண்டுமானால் கார் ஓட்டுபவர் ரியர்வியூ கண்ணாடியைப் பார்க்க வேண்டும். எப்போது பார்க்கிறார் என்பதை எடிட்டிங் முடிவு செய்கிறது. அவர் பார்க்காத நேரத்தில் லாரி நெருங்குவதையும் நமக்குத் தனியாகக் காட்ட முடியும். பயம் முழுக்க அங்கேதான்.

இதையே விஆரில் எழுதுங்கள். கண்ணாடி வேண்டாம், பார்ப்பவரே திரும்பிவிடுவார். எப்போது திரும்புவார்? தெரியாது. திரும்பாமலே போனால்? லாரி வந்ததே தெரியாது. ‘அவன் பின்னால் லாரி’ என்று ஸ்கிரிப்டில் எழுதினால், அது ஒரு வேண்டுகோள்தான்.

ஆகவே விஆர் எழுதுகிறவருக்கு மூன்று கருவிதான் கையில் இருக்கிறது: சத்தம், வெளிச்சம், இன்னொரு பாத்திரத்தின் பார்வை. பின்னால் ஏர்ஹாரன் அடித்தால் தலை திரும்பும். எதிரில் இருப்பவர் நம் தோளுக்கு மேல் எதையோ பார்த்து முகம் மாறினால் கட்டாயம் திரும்பும். இந்த மூன்றாவதை நாடகக்காரர்கள் பிறவியிலேயே அறிவார்கள். சினிமாக்காரர்கள் ‘அதான் கட் இருக்கிறதே’ என்று மறந்துவிட்டவர்கள்.

விஆர் ஹெட்செட் செய்த ஆக்குலஸ் நிறுவனத்தின் ஸ்டோரி ஸ்டூடியோ என்று ஒன்று இருந்தது. அனிமேஷன் நிறுவனமான பிக்சாரிலிருந்து வந்தவர்கள் பலர் அதில் இருந்தார்கள். 2015-ல் ‘லாஸ்ட்’ என்று ஒரு சின்னப் படம் செய்தார்கள், நிலா வெளிச்சத்தில் காடு. ஹெட்செட் மாட்டியவருக்கு முதல் ஒரு நிமிஷம் கதையே காதில் ஏறாது, சுற்றிப் பார்த்துக்கொண்டே இருப்பார் என்பதை அதில்தான் கற்றுக்கொண்டார்கள். அந்த நேரத்தை அவருக்குக் கொடுத்துவிட வேண்டும். நாம் என்ன செய்கிறோம்? முதல் வரியிலேயே ‘உன் அப்பா உயிரோடுதான் இருக்கிறார்’ என்று போட்டுவிடுகிறோம். அவர் அப்போது ஓட்டுக்கூரையை எண்ணிக்கொண்டிருப்பார்.

அடுத்து அவர்கள் செய்த ‘ஹென்றி’ 2016-ல் எம்மி விருது வாங்கியது. கட்டிப்பிடிக்க ஆசைப்படும் முள்ளெலியின் கதை. அந்த எலி நடுவில் ஒருமுறை நேராக நம் கண்ணைப் பார்க்கும். சின்ன விஷயம்தான், ஆனால் உடனே ‘நான் யார் இங்கே?’ என்ற கேள்வி வந்துவிடுகிறது. நாம் இருந்தும் யாரும் நம்மைக் கவனிக்காத நிலைக்கு அவர்கள் ‘ஸ்வேஸி எஃபெக்ட்’ என்று பெயர் வைத்தார்கள். ‘கோஸ்ட்’ படத்தில் பேட்ரிக் ஸ்வேஸி பேயாக எல்லா இடத்திலும் இருப்பார், யாருக்கும் தெரிய மாட்டார் அல்லவா, அந்த நிலை. விஆர் கதை எழுதுகிறவர் முதல் பக்கத்திலேயே முடிவு செய்ய வேண்டியது: பார்ப்பவர் பேயா, ஆளா?


#5 | மூணாம்சீன் | ஞாயிறு, காலை 11:15

கழுத்துவலி அண்ணா, வேடரில் இதை எப்படிச் சமாளித்திருக்கிறார்கள் என்று இப்போது புரிகிறது. அதில் நாம் ஆள். கடத்தல் கப்பலின் கேப்டன். ஆனால் வாயைத் திறக்கவே மாட்டோம். பேச்சு முழுக்க கூட இருக்கும் இசட்ஓ-ஈ3 என்ற ரோபோவுடையது, குரல் மாயா ருடால்ஃப். நாம் பதில் சொல்லத் தேவையில்லாதபடி அது தன்பாட்டுக்குப் பேசிக்கொண்டே இருக்கும். நம்மைக் கிண்டல் செய்யும், பதறும், அடுத்து என்ன செய்ய வேண்டும் என்பதையும் அந்தப் பேச்சிலேயே நைசாகச் சொல்லிவிடும். முதலில் ‘என்ன இது தொணதொணவென்று’ என எரிச்சல் வந்தது. எழுதுகிறவனாக யோசித்தால் அந்த ரோபோ இல்லாமல் அந்தக் கதையே நகராது.

அப்புறம் வேடர் வரும் இடம். நாம் சிறையில் நிற்கிறோம். கதவு திறக்கிறது, அந்த மூச்சுச் சத்தம், நேராக நடந்து வந்து கைக்கெட்டும் தூரத்தில் நிற்கிறார். அண்ணாந்து பார்க்க வேண்டியிருக்கிறது. நான் ஓர் அடி பின்னால் வைத்து, நண்பன் வீட்டு சோபாவில் இடித்து அப்படியே உட்கார்ந்துவிட்டேன். அவன் அம்மா பயந்து ஓடி வந்தார்கள். அந்தக் காட்சியில் வேடர் பேசிய வசனம் ஒன்றுகூட எனக்கு நினைவில்லை.


#6 | ஜாய்ஸ்டிக் | ஞாயிறு, மதியம் 1:40

வசனம் நினைவில்லை என்று நீங்களே சொல்லிவிட்டீர்கள். பிறகு எழுத்தாளருக்கு எதற்கு இவ்வளவு பெரிய மாலை? வேடர் இம்மார்ட்டல் ஒரு வீடியோ கேம், அதுவும் சுலபமான கேம். கத்தியை வீசு, கம்பியைப் பிடித்து ஏறு, நெம்புகோலை இழு. ஒரு எபிசோட் முக்கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடும், பத்து டாலர். கேம் ஆட்கள் இருபது முப்பது வருஷமாகச் செய்துவருவதை ஹாலிவுட் பெயர் ஒன்று வந்ததும் ‘கதை சொல்லலின் புதிய வடிவம்’ என்று கொண்டாடுகிறார்கள். கூடவே வரும் தோழன் வழி சொல்வது, நாயகன் ஊமையாக இருப்பது எல்லாம் எங்கள் ஊரில் பழசு.


#7 | கழுத்துவலி | ஞாயிறு, மதியம் 2:25

ஜாய்ஸ்டிக், பாதி ஒப்புக்கொள்கிறேன். ஊமை நாயகன், வழிகாட்டித் தோழன் இரண்டும் கேமிலிருந்து வந்தவைதான். கோயருக்கும் அந்த வாசனை உண்டு, பிளாக் ஆப்ஸில் இருந்தவர்.

ஆனால் வசனம் நினைவில்லாததுதான் அந்தக் காட்சியின் வெற்றி என்பேன். டிவியில் வேடர் அரை அடி உயரம், பயமுறுத்த வேண்டுமானால் வசனம் வேண்டும், இசை வேண்டும். விஆரில் அவர் ஆறரை அடி. ‘கதவு திறக்கிறது. வருகிறார். நிற்கிறார். உடனே பேசவில்லை.’ இந்த நாலு வரியை எழுதிவிட்டு பேனாவை மூடி வைக்க ஓர் எழுத்தாளருக்குத் தைரியம் வேண்டும். சம்பளம் வாங்கும் எழுத்தாளருக்கு இன்னும் அதிகம்.


#8 | பழையஆன்டெனா | ஞாயிறு, மாலை 5:10

பேனாவை மூடுவது பற்றிச் சொன்னீர்கள். ‘டூயல்’ படத்தில் லாரி ஓட்டுபவரின் முகத்தைக் கடைசிவரை காட்ட மாட்டார்கள். ஏன் துரத்துகிறார் என்று ஒரு வரிகூட விளக்கம் இல்லை. நான் எழுதியிருந்தால் கட்டாயம் ஒரு ஃப்ளாஷ்பேக் வைத்திருப்பேன். லாரிக்காரரின் தங்கையை அந்தச் சிவப்புக் காரோ அதே மாதிரி ஒரு காரோ இடித்திருக்கும். சிரிக்காதீர்கள், அப்படித்தான் கேட்பார்கள்.

வேறொன்று சொல்ல வந்தேன். டிவி படம் எழுதினவருக்கு இருந்த பெரிய சொத்து, ஒரே ராத்திரியில் நாடே உட்கார்ந்து பார்க்கும் என்பது. 1966-ல் பிபிசியில் ஜெரமி சாண்ட்ஃபோர்ட் எழுதி கென் லோச் எடுத்த ‘கேத்தி கம் ஹோம்’. வீடில்லாமல் தெருவுக்கு வரும் குடும்பம். ஒரு கோடியே இருபது லட்சம் பேர் பார்த்தார்கள், பார்லிமென்டில் பேச்சானது. 1983 நவம்பர் 20, ஏபிசியில் எட்வர்ட் ஹ்யூம் எழுதிய ‘தி டே ஆஃப்டர்’. அணுகுண்டு விழுந்த பிறகு கன்சாஸ் மாநிலத்து மனிதர்கள் என்ன ஆகிறார்கள் என்ற கதை. ஏறக்குறைய பத்துக் கோடிப் பேர். முன்கூட்டியே பார்த்த அமெரிக்க அதிபர் ரீகன், மனம் சோர்ந்துபோனதாக டைரியில் எழுதி வைத்தார்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. குண்டு விழுந்த பிறகு அந்தப் படத்தில் விளம்பரமே கிடையாது. பிணக்குவியலுக்கு நடுவே தங்கள் சரக்கை விற்க எந்தக் கம்பெனிக்கும் மனசில்லை. ஆக, ஆறு ‘தொடரும்’ எழுதப் பழகிய உலகத்தில் ஒருவர் இடைவெளியே இல்லாத ஒரு மணி நேரத்தைச் சம்பாதித்துவிட்டார்.

விஆரில் இப்படி நடக்குமா? ஒருவர் தலையில் ஒரு பெட்டி. பக்கத்து அறையில் இருப்பவருக்குக்கூடத் தெரியாது.


#9 | கயல்_குறிப்புகள் | ஞாயிறு, இரவு 8:30

ஆன்டெனா ஐயா சொன்னது என்னை உறுத்திக்கொண்டே இருக்கிறது. அதற்கு நேர் எதிர்முனையில் ஒன்று உண்டு. இயக்குநர் அலெஹான்ட்ரோ இன்யாரிட்டு 2017-ல் கான் திரைப்பட விழாவில் வைத்த விஆர் படைப்பு ‘கார்னே இ அரேனா’. மெக்சிகோ எல்லையைத் தாண்டி வருகிறவர்களின் கதை. ஒரு நேரத்தில் ஒருவர் மட்டுமே உள்ளே போகலாம். செருப்பைக் கழற்றிவிட்டு வெறும் காலோடு மணலில் நடக்க வேண்டும். ஆறரை நிமிஷம். அதற்கு ஆஸ்கர் அகாடமி தனி விருதே கொடுத்தது. பத்துக் கோடிப் பேர் ஒரே ராத்திரியில் பார்ப்பது ஒரு முனை, ஒருவர் பின் ஒருவராக வரிசையில் நின்று பார்ப்பது மறுமுனை. இரண்டாவதில் எழுத்தாளருக்குக் கூலி எங்கிருந்து வரும்?

என் அனுபவத்தைச் சொல்கிறேன். சில வருஷங்களுக்கு முன் ஒரு நிறுவனம் (பெயர் வேண்டாம்) 360 டிகிரித் தொடருக்கு என்னை எழுதச் சொன்னது. ஆறு எபிசோட், ஒவ்வொன்றும் பத்து நிமிஷம். ஒன்லைன் கொடுத்தேன், முதல் டிராஃப்ட் கொடுத்தேன். ‘பார்ப்பவர் பின்னால் திரும்பினால் என்ன தெரியும்?’ என்று ஒவ்வொரு காட்சிக்கும் கேட்டார்கள், எனவே நாலு திசைக்கும் தனித்தனியாக எழுதினேன். ஒரு பக்கக் காட்சி மூன்று பக்கம் ஆனது. சம்பளம் மட்டும் ஒரு பக்கத்துக்குத்தான்! இரண்டாவது டிராஃப்டுக்குப் பிறகு போன் எடுப்பதை நிறுத்திவிட்டார்கள். அட்வான்ஸ் வந்தது, மிச்சம் வரவில்லை. அலுவலகம் இருந்த இடத்தில் இப்போது வேறு ஏதோ கடை.

பெரிய இடங்களிலும் இதுதான். கழுத்துவலி புகழ்ந்த அந்த ஸ்டோரி ஸ்டூடியோவை, ஆக்குலஸை 200 கோடி டாலருக்கு வாங்கிய ஃபேஸ்புக்கே 2017 மே மாதம் மூடிவிட்டது. எம்மி வாங்கி ஒரு வருஷம் ஆகவில்லை. கூகுளின் விஆர் படப் பிரிவான ஸ்பாட்லைட் ஸ்டோரீஸ் செய்த ‘பேர்ல்’ ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியல் வரை போனது. 2019 மார்ச்சில் அந்தப் பிரிவும் காலி. அதே வருஷம் மே மாதம்தான் குவெஸ்ட் ஹெட்செட்டோடு வேடரின் முதல் எபிசோட் வருகிறது. ஒரு கடை மூடும்போது பக்கத்தில் இன்னொரு கடை திறந்தது என்று சொல்லலாம், ஆனால் மூடிய கடையில் வேலை பார்த்தவருக்கு அது ஆறுதல் ஆகாது.

ஆகவே கோயர் பட்டியலில் எனக்குப் பட்டது வேறு. அவர் விஆரை நம்பிப் பிழைக்கவில்லை. இரண்டு பெரிய வேலைகளுக்கு நடுவில் செய்தார். செய்துவிட்டு டிவி தொடருக்குத் திரும்பிவிட்டார். அந்த வசதி இருப்பவருக்கு இது அழகான ஊடகம்.


#10 | சும்மாவந்தவன் | ஞாயிறு, இரவு 8:52

நாலு திசைக்கு எழுதினால் வாஸ்துக்காரர் மாதிரி திசைக்கு ஒரு ரேட் போட வேண்டியதுதானே அக்கா.


#11 | கயல்_குறிப்புகள் | ஞாயிறு, இரவு 9:05

அடுத்த முறை கட்டாயம். ஈசான்ய மூலைக்கு டபுள் ரேட்.


#12 | ஜாய்ஸ்டிக் | திங்கள், காலை 9:20

நம் ஆள் ஒருவரை எல்லோரும் விட்டுவிட்டீர்கள். ஏ.ஆர். ரகுமான் இயக்கிய ‘லே மஸ்க்’. 2022-ல் கான் விழாவின் விஆர் பிரிவில் காட்டினார்கள். 36 நிமிஷம், இந்த ஊடகத்துக்கு அது ஏறக்குறைய ராமாயணம். கதையின் மையமே வாசனை. நாயகி தன் வாழ்க்கையில் வந்துபோன சிலரை அவர்களுடைய மணத்தை வைத்தே தேடுகிறாள். அசையும் நாற்காலியில் உட்காரவைத்து, காட்சிக்கேற்ப வாசனையையும் வெளியே விட்டார்கள். நான் பார்த்ததில்லை, கதையைப் படித்ததோடு சரி. ஆனால் எழுதுகிறவருக்கு அது என்ன ஒரு வரம் என்று யோசித்தேன். ‘அவள் மல்லிகையை உணர்கிறாள்’ என்று எழுதினால் அது வர்ணனை இல்லை, ஒருவர் நிஜமாகவே பாட்டிலைத் திறக்க வேண்டும்.

(கேம்காரனாகிய நான் இதைப் புகழ்வதைப் பார்த்து யாரும் மயங்கி விழ வேண்டாம்.)


#13 | கழுத்துவலி | திங்கள், காலை 10:40

நல்ல உதாரணம். 36 நிமிஷம் என்பதைக் கவனியுங்கள். ஆப்பிள் 3,499 டாலருக்கு ஹெட்செட் விற்கிறது, 2024-ல் அதற்கென்றே எட்வர்ட் பெர்கர் நீர்மூழ்கிக் கப்பல் கதை ஒன்றை எழுதி இயக்கினார், ‘சப்மெர்ஜ்டு’. அதன் நீளம் 17 நிமிஷம்தான். அதிலும் முன்பக்கம் 180 டிகிரி மட்டும். பின்பக்கத்தை இருட்டாக்கிவிட்டார்கள். கயல் அக்காவின் நாலு திசைத் தொல்லைக்கு அவர்கள் கண்ட தீர்வு அது. பணம் கொட்டிக் கிடப்பவர்களே பாதி உலகத்தை வெட்டிவிட்டார்கள் என்றால் நமக்கும் வெட்கம் தேவையில்லை.

மூக்கின் மேல் அரைக் கிலோவுக்கும் மேல் எடையைச் சுமந்துகொண்டு ஒருவர் எவ்வளவு நேரம் கதை பார்ப்பார்? ஆன்டெனா சார் சொன்ன பன்னிரண்டு நிமிஷ ஆக்ட் இருக்கிறதே, அதுதான் இங்கே முழுப்படம்! மேலே போனால் கழுத்து ‘தொடரும்’ போட்டுவிடும்.


#14 | மூணாம்சீன் | திங்கள், இரவு 11:50

சரி, காரணத்தைச் சொல்லிவிடுகிறேன். எனக்கு ஒரு வேலை வந்திருக்கிறது. எட்டு நிமிஷ 360 படம். ஒரு கிராமத்து வீடு, திண்ணை, பாட்டி, பார்ப்பவர்தான் பேரன். பட்ஜெட் சின்னது. அட்வான்ஸ் வாங்கிவிட்டேன், கயல் அக்கா. மிச்சத்தை எப்படி வாங்குவது என்று தனிமடலில் கேட்கிறேன்.

முதல் டிராஃப்ட் இப்படி. பாட்டி திண்ணையில் முறத்தில் அரிசி புடைத்துக்கொண்டே பேசுகிறாள். ஐந்தாவது நிமிஷத்தில் பார்ப்பவருக்குப் பின்னாலிருந்து, பல வருஷம் முன் வீட்டை விட்டுப்போன மகன் வருகிறான். பாட்டி அவனைப் பார்த்துவிடுகிறாள், ஆனால் பேச்சை நிறுத்தவில்லை. பேரன், அதாவது நாம், திரும்பினால் அவன் வாசலில் நிற்பான். திரும்பாவிட்டால் அவன் போய்விடுவான்.

நேற்று நண்பனின் சின்ன 360 கேமராவை வைத்து, பக்கத்து வீட்டு அத்தையைப் பாட்டியாக உட்காரவைத்து ஒத்திகை மாதிரி எடுத்துப் பார்த்தோம்.


#15 | பழையஆன்டெனா | செவ்வாய், காலை 6:30

தம்பி, பேச்சை நிறுத்தவில்லை என்று எழுதினீர்களே, அங்கே நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். நிறுத்தினால் சீரியல். அந்த இடத்தை யார் மாற்றச் சொன்னாலும் மாற்றாதீர்கள்.

ஒன்று மட்டும். முறத்தின் சத்தம் இருக்கிறது அல்லவா, அது தாளம் தப்பட்டும். வாய் பேசட்டும், கை ஒரு கணம் தடுமாறட்டும். காதில் அது போதும்.


#16 | கழுத்துவலி | செவ்வாய், காலை 9:15

ஆன்டெனா சார் இலவசமாகச் சொன்னதற்கு எங்கள் ஆபீஸில் ஒரு நாள் ஒர்க்‌ஷாப் நடத்துவார்கள்.

நான் சேர்ப்பது: மகன் ‘திரும்பாவிட்டால் போய்விடுவான்’ என்பதற்கு வெறும் 360 வீடியோ போதாது. பார்ப்பவர் எங்கே பார்க்கிறார் என்று கணக்கு வைத்து, அதற்கேற்ப இரண்டு முடிவில் ஒன்றை ஓட்ட வேண்டும். பட்ஜெட் சின்னது என்றால் ஒரே முடிவாக எழுதுங்கள். அவன் எப்படியும் போய்விடுவான். திரும்பியவர் அவன் முகத்தைப் பார்ப்பார், திரும்பாதவர் சைக்கிள் ஸ்டாண்டு தட்டும் சத்தத்தை மட்டும் கேட்பார். இரண்டு பேர் பார்த்துவிட்டு இரண்டு கதை சொல்வார்கள்.

ஒத்திகையை யாருக்காவது மாட்டிப் பார்த்தீர்களா? எழுதின ஆளும் எடுத்த ஆளும் பார்த்தது கணக்கில் வராது.


#17 | மூணாம்சீன் | புதன், இரவு 10:05

மாட்டிப் பார்த்தேன். அத்தையின் பேரன், ஏழாம் வகுப்பு. கழற்றின பிறகு ‘என்னடா பார்த்தாய்?’ என்று கேட்டேன். ‘கோழி’ என்றான்.

திண்ணையின் இடப்பக்கம் ஒரு கோழி மேய்ந்துகொண்டிருந்திருக்கிறது, எடுக்கும்போது நாங்கள் கவனிக்கவே இல்லை. அவன் எட்டு நிமிஷமும் அதைத்தான் பார்த்திருக்கிறான். பாட்டி என்ன பேசினாள் என்று தெரியவில்லை. மகன் வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது. சனிக்கிழமை மறுபடி எடுக்கிறோம், கோழியை அடைத்துவிடச் சொல்லிவிட்டேன்.


#18 | கழுத்துவலி | புதன், இரவு 10:20

கோழியை அடைக்காதீர்கள்! அவன் எங்கே பார்ப்பான் என்று இலவசமாகத் தெரிந்துவிட்டது. ஒரு பிடி அரிசியை வாசல் பக்கம் போடுங்கள்.


#19 | பழையஆன்டெனா | வியாழன், காலை 6:20

போடுவது பாட்டியாக இருக்கட்டும், முறத்திலிருந்து. மகன் வந்து நிற்கும் நேரத்தில்.


#20 | மூணாம்சீன் | வியாழன், காலை 7:02

இப்போதுதான் அத்தையிடம் கேட்டேன். கோழி பக்கத்துத் தெருவுடையதாம். சனிக்கிழமை வருமா என்று சொல்ல முடியாதாம்.